சுவீட் பீ ஏறுது, பூக்க மாட்டேங்குது: மலையகத்துல யாராவது வளர்க்கிறீங்களா?

கந்தப்பளையான் எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். லண்டன்ல இருக்கிற மாமா மகள் வந்தப்ப ரெண்டு பக்கெட் சுவீட் பீ விதை குடுத்துட்டுப் போனா. மேல 'ஸ்பென்சர் கலப்பு'னு போட்டிருக்கு. ஆகஸ்ட் கடைசியில கோவாப் பாத்தி ஓரமா ஊன்றி, போஞ்சிக் கம்பு நட்டு விட்டேன். கொடி ஆள் உயரம் தாண்டிருச்சு. இலை கரும்பச்சை, பக்கக் கிளைக்கும் குறைச்சல் இல்ல. டிசம்பர் பிறந்தும் ஒரு மொட்டைக் காணோம்.

தாத்தா பெரிய துரை பங்களாவுல தோட்டக்காரரா இருந்தவர். ஏப்ரல் சீசனுக்கு பங்களா வேலி முழுக்க இந்தப் பூதான்னு அம்மா இப்பவும் சொல்லுவா. அதே மலை, அதே குளிர். அப்ப பூத்தது இப்ப ஏன் பூக்கல? கொஞ்சம் யூரியா தட்டிப் பார்க்கவா?

ஊவாக்காரி எழுதியது:

ஐயோ தம்பி, யூரியா மூட்டையைக் கட்டி வைங்க முதல்ல. கோவாவுக்குப் போட்ட கோழி உரம் அந்தப் பாத்தியில இன்னும் கிடக்கும். இது அவரைக் குடும்பம். வேர் முடிச்சுல இருக்கிற பாக்டீரியாவே காத்துல இருந்து நைதரசன் எடுத்துக் குடுத்துரும். அதுக்கு மேல நீங்களும் ஊட்டினா கொடி கொழுத்து இலையாத்தான் போகும். பொட்டாசியம் குடுங்க. அடுப்புச் சாம்பல் இருந்தா செடியைச் சுத்தித் தூவுங்க, நம்ம புளிச்ச மண்ணுக்கும் அது நல்லது.

பண்டாரவளையில சின்னதா ஒரு நாற்றுமேடை வச்சிருக்கேன். எங்க பக்கம் இது பூக்குது, ஆனா ஏப்ரல்ல இல்ல. ஜூன், ஜூலையில.

மட்டுறுத்துநர் எழுதியது:

இழை மரக்கறிப் பகுதியில் இருந்தது, பூச்செடிப் பகுதிக்கு மாற்றியாச்சு. இது சாப்பிடுற பட்டாணி இல்லை. காயையோ விதையையோ யாரும் சட்டியில் போட்டுவிட வேண்டாம்.

ஹட்டன் உயிரியல் எழுதியது:

உரம் பற்றி ஊவாக்காரி அக்கா சொன்னது சரி. ஆனா உங்க செடிக்கு மொட்டு வராததுக்குப் பெரிய காரணம் பகல் நீளம்.

சுவீட் பீ சிசிலித் தீவிலும் தெற்கு இத்தாலியிலும் காட்டில் வளர்ந்த செடி. பகல் நீண்டுகொண்டே போனால்தான் "கோடை வருது, காய்ந்து போறதுக்குள்ள பூத்து விதை கட்டணும்" என்று அதுக்கு உறைக்கும். சிசிலியில் ஜூன் மாதப் பகல் ஏறக்குறைய 14 மணித்தியாலம் 45 நிமிடம். லண்டனில் பதினாறரை. நாம இருக்கிறது வட அகலாங்கு 7 பாகையில். டிசம்பர்ல நமக்குப் பகல் ஏறக்குறைய 11 மணி 45 நிமிடம், ஜூன்ல 12 மணி 30 நிமிடம். வருஷம் முழுக்க ஏறி இறங்கிறதே முக்கால் மணித்தியாலம்தான்.

விதை விற்கிறவங்க இந்தச் செடியை மூன்று வகையாப் பிரிப்பாங்க. பகல் 10 மணித்தியாலம் இருந்தாலே மொட்டு வைக்கிறது குளிர்கால வகை. 11 கேட்கிறது இளவேனில் வகை. 12ஐத் தாண்டினாத்தான் அசையும் கோடை வகை. ஸ்பென்சர் இந்தக் கடைசி வகை. அதனாலதான் உங்க கொடி டிசம்பர்ல சும்மா நிற்குது. நம்ம பக்கம் பகல் 12ஐத் தாண்டுறது மார்ச் தொடக்கத்தில். பிறகு மொட்டு வந்து விரிய இன்னும் சில வாரம். ஏப்ரல் சீசனுக்குப் பங்களா வேலி பூத்த கணக்கு இப்ப விளங்குதா?

பிடுங்கிப் போடாதீங்க. அடியில் இருந்து வர்ற புதுத் தளிர் ரெண்டை விட்டுட்டு, முத்தின கொடியை வெட்டி விடுங்க. மார்ச்சுக்கு அது ஏறி நிற்கும்.

பழைய கணக்கப்பிள்ளை எழுதியது:

சேர் சொன்ன மணிக்கணக்கு சரியா இருக்கலாம். ஆனா பங்களாத் தோட்டக்காரன் கையில மணிக்கூடா இருந்துச்சு? அவங்க மண்ணைச் செய்தாங்க. இப்ப ஆளுங்க விதையை மண்ணுல செருகிட்டு வானத்தைப் பார்க்கிறாங்க.

எங்க டிவிஷன்ல நான் பார்த்ததைச் சொல்றேன். ஒக்டோபர் மழைக்கு முன்னாடியே ரெண்டு அடி ஆழத்துக்கு கான் வெட்டுவாங்க. அடியில மாட்டு எரு, மேல மேல்மண். தேயிலை கவ்வாத்து வெட்டின மலைக்குப் போடுற டொலமைட் சுண்ணாம்புப் பொடியில ரெண்டு மூணு வாளி ஸ்டோர்ல இருந்து வரும், அதையும் கலந்து ஆறப் போட்டுருவாங்க. தேயிலைக்கு மண் புளிச்சாத்தான் கொண்டாட்டம். இதுக்குப் புளிப்பே ஆகாது. விதையை ராத்திரி தண்ணியில போட்டு வச்சு, காலையில ஊதாம கிடக்கிறதைப் பொறுக்கி, முளைக்கண்ணுக்கு எதிர்ப்பக்கம் சின்னக் கத்தியால ஒரு கீறல். நவம்பர்ல நாற்று. ரெண்டு மூணு சோடி இலை வந்ததும் நுனியைக் கிள்ளுவாங்க.

இதெல்லாம் செய்தா பூக்கும். செய்யாட்டி லண்டன் பகலைக் கொண்டு வந்து தொங்க விட்டாலும் பூக்காது.

ஹட்டன் உயிரியல் எழுதியது:

ஐயா, நீங்க சொன்ன மாதத்தையே பாருங்க. நவம்பர்ல நாற்று, ஏப்ரல்ல பூ. குளிர்ல வேர் பிடிச்சு, பகல் நீளும்போது கொடி தயாரா நிற்கணும். அவங்களுக்குக் காரணம் தெரிஞ்சிருக்கத் தேவையில்ல, மாதம் தெரிஞ்சிருந்துச்சு. கந்தப்பளையான் ஊன்றினது ஆகஸ்ட் கடைசியில. ஒக்டோபர் பிறந்து கொஞ்ச நாள்ல பகல் 12க்குக் கீழ இறங்கிருச்சு.

மண் விஷயத்தில் உங்க பக்கம்தான் நான். தேயிலை மண் பிஎச் ஐந்தைச் சுற்றித்தான் இருக்கும். சுவீட் பீக்கு ஆறரை ஏழு வேணும்.

ஊவாக்காரி எழுதியது:

அப்ப எங்க பக்கம் ஜூன்ல பூக்கிறதும் இதே கணக்குத்தானா! நுவரெலியாவுக்கும் ஹட்டனுக்கும் மே மாசம் தென்மேல் பருவ மழை இறங்கிரும். மூடுபனி, வெயிலே இருக்காது. வந்த மொட்டும் மஞ்சளாகி உதிர்ந்துரும். ஊவாவுல அப்பதான் வானம் தெளிவு. மாசிக் கடைசியில ஊன்றினா ஜூன்ல கொடி முழுக்கப் பூ. எங்களுக்குத் தொல்லை கச்சான் காத்து. கொடியைக் கம்போட சேர்த்துப் பிடுங்கிட்டுப் போயிரும். பழைய மீன் வலையை ரெண்டு பக்கமும் இழுத்துக் கட்டித்தான் காப்பாத்துறேன். தண்ணியும் ஊத்தியாகணும்.

அசுவினிக்கு சவர்க்காரத் தண்ணி போதும். சாம்பல் நோய் வந்தா கீழ் இலையைக் கழிச்சுட்டு காத்தோட்டம் குடுங்க. நத்தைக்குத்தான் நான் இன்னும் மருந்து தேடிக்கிட்டு இருக்கேன். ராத்திரி டோர்ச்சோட போய் பொறுக்கிறதை விட்டா வேற வழி தெரியல.

லிந்துலை டு லண்டன் எழுதியது:

இந்த இழையை இப்பதான் பார்த்தேன். எல்லாரும் சிசிலி சிசிலின்னு சொல்றீங்க. இது நம்ம நாட்டுப் பூ! இங்க ஒரு பழைய தோட்டத்துல பலகையிலயே போட்டிருந்தாங்க. செடிகளுக்கெல்லாம் பேர் வச்ச லின்னேயஸே 1753ல சுவீட் பீயை ரெண்டு வகையாப் பிரிச்சு, ஒண்ணு சிசிலி, இன்னொண்ணு சிலோன்னு எழுதியிருக்கார். வெள்ளைக்காரன் எடுத்துட்டுப் போய் தன் பேரைப் போட்டுக்கிட்டான். வழக்கம் போலத்தான்.

கந்தப்பளையான் எழுதியது:

உண்மையாவா அண்ணா? அப்ப அது ஏன் என் பாத்தியில அகதி மாதிரி நிற்குது?

ஹட்டன் உயிரியல் எழுதியது:

பலகை பொய் சொல்லல. லின்னேயஸ் அப்படித்தான் எழுதினார். அவர் சொன்னது சரியா என்கிறது வேற விஷயம். கொஞ்சம் நீளமா எழுதுறேன், பொறுத்துக்குங்க.

1690களின் கடைசியில் சிசிலியில் பிரான்செஸ்கோ குபானி என்ற துறவி இந்தச் செடியைப் பதிவு செய்தார். 1699ல் விதையை ரெண்டு பேருக்கு அனுப்பினார் என்பது வழக்கமாச் சொல்லப்படுகிற வரலாறு. ஒருத்தர் லண்டனுக்கு வடக்கே என்ஃபீல்டில் பள்ளிக்கூடம் நடத்திய ரொபர்ட் உவடேல், மற்றவர் ஆம்ஸ்டர்டாமில் கஸ்பர் கொமெலின். அந்தப் பூ சின்னது. மேல் இதழ் கருஞ்சிவப்பு, சிறகிதழ் ஊதா. ஒரு காம்பில் ரெண்டு மூணுதான், ஆனா வாசம் ஊரைக் கூட்டும்.

1737ல் ஆம்ஸ்டர்டாமில் யொஹான்னஸ் பர்மன் 'தெசோரஸ் செய்லானிகஸ்' என்று இலங்கைத் தாவரங்களைப் பற்றி ஒரு பெரிய நூல் போட்டார். ஒல்லாந்துக் கம்பனிக்கு வைத்தியராக 1672ல் இங்கே வந்த பவுல் ஹெர்மன் போன்றவர்கள் சேர்த்த செடிகள்தான் அவருக்கு ஆதாரம். அதில் வெள்ளையும் இளஞ்சிவப்புமாக ஒரு வாசனைச் சுவீட் பீயை 'இலங்கையினது' என்று சேர்த்துவிட்டார். லின்னேயஸ் அதை அப்படியே தூக்கி வைத்துக்கொண்டார். அதற்குப் பிறகு நூறு வருஷத்துக்கு மேல் தோட்டக்காரர்கள் 'பெயின்டட் லேடி' என்ற வெள்ளை–இளஞ்சிவப்பு ரகம் சிலோனிலிருந்து வந்தது என்றே நம்பினார்கள்.

ஆனா இந்தத் தீவின் காட்டில் சுவீட் பீ கிடையாது. இன்னொன்றையும் யோசிச்சுப் பாருங்க. ஒல்லாந்தர் கையில் இருந்தது கரையோரம். மலைநாடு கண்டி அரசனிடம் இருந்தது, அது 1815 வரைக்கும் ஐரோப்பியர் கைக்கு வரல. கொழும்பு, காலி வெக்கையில் இந்தச் செடி எப்படிக் காடா வளரும்? பெயின்டட் லேடி சிசிலிச் செடியின் நிறம் மாறிய பிள்ளைதான்.

ஆகவே மன்னிக்கணும் லிந்துலை அண்ணா, இந்த ஒரு திருட்டை வெள்ளைக்காரன் மேல் போட முடியாது.

லிந்துலை டு லண்டன் எழுதியது:

சரி விட்டுட்டேன். காய்ச்சல் மருந்துக்குக் கொய்னா மரத்தையும் தேயிலையையும் கொண்டு வந்து வச்ச ஆளுங்கதானே, இதையும் அவங்களே கொண்டு வந்தாங்கன்னு வச்சுக்குவோம்.

பழைய கணக்கப்பிள்ளை எழுதியது:

ஹக்கல தோட்டமே 1861ல கொய்னா வளர்க்க ஆரம்பிச்சதுதான். பிறகுதான் பூவும் புல்லும். பூவை ரசிக்க துரைமாருக்கு நேரம் இருந்துச்சு, பாத்தி கொத்த நம்ம ஆளுங்க இருந்தாங்க.

கந்தப்பளையான் எழுதியது:

சேர், என் பக்கெட்டுல இருக்கிற ஸ்பென்சர் யாரு? டயானா வீட்டு ஸ்பென்சரா?

ஹட்டன் உயிரியல் எழுதியது:

அதே வீடுதான்! அதுக்கு முன்னாடி ஹென்ரி எக்ஃபர்ட் என்ற ஸ்கொட்லாந்துத் தோட்டக்காரரைச் சொல்லணும். 1870களில் இருந்து, பிறகு ஷ்ரொப்ஷயரில் வெம் என்ற சின்ன ஊரில் உட்கார்ந்து, சின்னப் பூவைப் பெரிதாக்கி, நிறத்தைப் பெருக்கினவர் அவர். 1793ல் லண்டன் விதைக்காரர் ஒருவர் பட்டியலில் இருந்தது ஐந்து நிறம். 1900ல் லண்டன் கிறிஸ்டல் பெலசில் சுவீட் பீயின் இருநூறாம் ஆண்டுக் கண்காட்சியில் 264 ரகம், அதில் 115 எக்ஃபர்ட் உண்டாக்கினது. ஒரு மனுஷன் வாழ்நாளுக்குள்ள!

ஸ்பென்சர் பிரபு வீடான ஆல்தோர்ப்பில் தலைமைத் தோட்டக்காரர் சைலஸ் கோல். எக்ஃபர்டின் 'பிரிமா டொனா' என்ற இளஞ்சிவப்பு ரகத்தில் இருந்து இதழ் அலையலையா மடிந்த ஒரு செடி அவருக்குக் கிடைச்சது. எசமானி பேரில் 'கவுன்டஸ் ஸ்பென்சர்' என்று 1901ல் காட்சிக்கு வைத்தார். அதே பிரிமா டொனா அதே காலத்தில் கேம்பிரிட்ஜ் பக்கம் ஹிஸ்டனில் வில்லியம் அன்வின் தோட்டத்திலும் அலை இதழ் காட்டினது. அன்வின் தன் மகள் பேரை வைத்தார், 'கிளாடிஸ் அன்வின்'. ஸ்பென்சர் பூ பெருசு, அலையும் கூட. ஆனா விதை ஒரே மாதிரி வரல, போட்டால் பல விதமா முளைச்சது. அன்வின் பூ கொஞ்சம் சின்னது, விதை நேர்மை. ரெண்டின் வாரிசுகளும்தான் இன்றைக்குப் பக்கெட்டில் வருது.

1911ல் 'டெய்லி மெயில்' பத்திரிகை நல்ல கொத்துக்கு ஆயிரம் பவுண் பரிசு அறிவிச்சப்ப பத்தாயிரக்கணக்கில் கொத்து வந்து குவிஞ்சது. முதல் பரிசு ஸ்கொட்லாந்துப் பாதிரியார் ஒருத்தரின் மனைவிக்கு. பாதிரியாருக்கு மூன்றாம் பரிசு. அன்றைக்கு அந்த வீட்டில் சாப்பாட்டு மேசை எப்படி இருந்திருக்கும்!

ஊவாக்காரி எழுதியது:

சேர், ஒரு சந்தேகம். நான் வருஷா வருஷம் என் விதையையேதான் எடுத்துப் போடுறேன். கலப்பு நிறமா ஆரம்பிச்சது, இப்ப ஊதாவும் கருஞ்சிவப்பும்தான் அதிகம். வெள்ளையும் கிரீமும் காணாமப் போச்சு. ஒண்ணோட ஒண்ணு கலந்து ஊதாவாப் போயிருச்சா?

ஹட்டன் உயிரியல் எழுதியது:

கலக்கல அக்கா. சுவீட் பீ மொட்டு விரிய முன்னமே தன் மகரந்தத்தைத் தானே தூவிக்கொள்ளும். தேனீ வரும்போது கல்யாணம் முடிஞ்சு போயிருக்கும். அபூர்வமா இலைவெட்டித் தேனீ கலக்கும், அவ்வளவுதான். கருநிறச் செடிகள் வலுவா நின்று நிறைய காய் பிடிச்சிருக்கும், வெளிர் நிறம் விதைக் கணக்கில் தோத்துப் போயிருக்கும். நிறம் நிறமா நூல் கட்டி விதையைத் தனித்தனியா எடுங்க. அடுத்த வருஷம் கலவையை நீங்களே தீர்மானிக்கலாம்.

நீங்களே கலக்க விரும்பினா, மொட்டு இன்னும் பச்சை கலந்து, இதழ் பாதி நீளம் இருக்கும்போதே பிடிக்கணும். படகிதழின் அடி விளிம்பை ஒரு ஊசியால் கீறித் திறந்தால் உள்ளே பத்து மகரந்தப் பை இருக்கும். ஒன்பது சேர்ந்து ஒரு உறை மாதிரி, ஒன்று தனியா. பை மஞ்சளாப் பொடி விட ஆரம்பிச்சிருந்தா அந்த மொட்டை விட்டுருங்க, நேரம் கடந்து போச்சு. இளம் பச்சையா இருந்தா பத்தையும் முறுக்கி எடுங்க. நடுவில் மேலே வளைஞ்சு நுனியில் மயிர் வச்ச சூல்தண்டை மட்டும் தொடாதீங்க. இதழை மூடி நூல் கட்டி, ரெண்டு நாளில் மற்றச் செடியின் பொடியைத் தடவுங்க. காய் பிடிச்சா அதில் ஏழெட்டு விதை கிடைக்கும்.

இதே வேலையைச் செய்துதான் கேம்பிரிட்ஜில் பேட்சன், சாண்டர்ஸ், பன்னெட் மூன்று பேரும் மரபியலையே திருப்பிப் போட்டாங்க. ரெண்டு வெள்ளைப் பூவைக் கலந்தாங்க. பிள்ளை எல்லாம் ஊதா! குபானி காலத்துச் சிசிலிப் பூ திரும்பி வந்து நின்றது. நிறம் வர ரெண்டு மரபணு வேணும். ஒரு வெள்ளையில் ஒன்று பழுது, மற்ற வெள்ளையில் மற்றது பழுது, சேர்ந்ததும் ரெண்டும் நிரம்பிருச்சு. பேரப்பிள்ளைகளில் ஒன்பதுக்கு ஏழு கணக்கில் நிறமும் வெள்ளையும் பிரிஞ்சது.

இன்னொரு கலப்பில் ஊதாப் பூவும் நீள மகரந்தமும் பிரியாம சோடியாவே போனது. மெண்டல் கணக்குப்படி 9:3:3:1 வரணும். 6952 செடி எண்ணினாங்க, வந்தது ஊதா–நீளம் 4831, ஊதா–வட்டம் 390, சிவப்பு–நீளம் 393, சிவப்பு–வட்டம் 1338. மரபணுக்கள் ஒரே நிறப்புரியில் பக்கத்துப் பக்கத்தில் இருக்கும் என்கிறதை அமெரிக்க விஞ்ஞானி மோர்கன் பிறகு பழ ஈயை வைத்து விளக்கினார். முதல் தடயம் இந்தப் பூவில்தான். உயர்தரப் பிள்ளைகளுக்கு மெண்டலின் பட்டாணியைப் படிப்பிக்கிற நாம இதைப் பாத்தியிலேயே காட்டலாம்.

லிந்துலை டு லண்டன் எழுதியது:

எல்லா நிறமும் இருக்கு, மஞ்சள் மட்டும் ஏன் இல்ல?

ஹட்டன் உயிரியல் எழுதியது:

கிரீம் வரைக்கும்தான் அது போகும், நல்ல மஞ்சளுக்கான நிறமி இந்த இனத்தில் இல்ல. துருக்கியில் 1987ல் பெலினென்சிஸ் என்ற மஞ்சளும் சிவப்பும் கலந்த உறவுச் செடி ஒன்றைக் கண்டுபிடிச்சாங்க. நியூசிலாந்தில் கீத் ஹமெட் அதைச் சுவீட் பீயோடு கலந்து புது நிறங்கள் கொண்டு வந்தார். மஞ்சள் இன்னும் பிடி குடுக்கல.

கந்தப்பளையான் எழுதியது:

சீசனுக்கு வர்ற கொழும்பு ஆளுங்களுக்கு கொத்துக் கட்டி வித்தா போகுமா? ரோட்டோரத்துல லீக்ஸ், கரட் பக்கத்துல வைக்கலாம்னு பார்க்கிறேன்.

ஊவாக்காரி எழுதியது:

போகும், ஆனா ஒரு நாள் பூ தம்பி இது. வாசம் பிடிச்சு வாங்குவாங்க, கொழும்பு போய்ச் சேர வாடிரும். விடியக்காலையில, காம்புல கடைசி மொட்டு விரிய முன்னமே வெட்டி உடனே தண்ணியில வைங்க. பழக்கடைக்குப் பக்கத்துல மட்டும் வைக்காதீங்க. பழுத்த வாழைப்பழத்துல இருந்து வர்ற எத்திலீன் பட்டா பூ சுருங்கிரும். நீளக் காம்பு வேணும்னா ஒரு செடிக்கு ஒரே தண்டு விட்டு, பக்கத் தளிரையும் சுருள் கொடியையும் கிள்ளிட்டு கம்புல கட்டிக் கட்டி ஏத்தணும். அது ஆள்கூலி பிடிக்கிற வேலை. வேலி அழகுக்கு அப்படியே விட்டுருங்க.

ஹட்டன் உயிரியல் எழுதியது:

விக்கிறதா இருந்தா ஸ்பென்சரை நம்பாதீங்க. ஜப்பான்ல மியசாக்கி பக்கம் பசுமைக்குடிலில் மாரி காலம் முழுக்க சுவீட் பீ வெட்டி விக்கிறாங்க, எல்லாம் குளிர்கால வகை. நமக்கும் அதுதான் தோது. 'விண்டர் எலிகன்ஸ்' மாதிரி முந்திப் பூக்கிற ரகம் எடுத்தீங்கன்னா மார்ச்சுக்குக் காத்திருக்கத் தேவையில்ல. ஜனவரி, பெப்ரவரி வறண்ட வெயிலில் நுவரெலியாப் பக்கம் பூத்துரும். அந்த மாசத்தில் விடியக்காலை உறைபனி இறங்கினா மட்டும் சாக்குப் போட்டு மூடுங்க.

பழைய கணக்கப்பிள்ளை எழுதியது:

பூ முடிஞ்ச காம்பைக் கையோட கிள்ளிரணும், அதையும் யாராவது அந்தத் தம்பிக்குச் சொல்லுங்க. நாலு காய் முத்த விட்டா கொடி வேலை முடிஞ்சுதுன்னு நின்னுரும். விதைக்கு ஒரு மூலையில ரெண்டு செடியை ஒதுக்கி விடுங்க. காய்ஞ்ச விதை பார்க்க பட்டாணி மாதிரியே இருக்கும், சின்னப் பிள்ளைங்க கைக்கு எட்டாம வைங்க. கூடத் தின்னா எலும்பையும் தசைநாரையும் கெடுக்கிற நஞ்சு இருக்கு அதுல.

கந்தப்பளையான் எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. கோவாப் பாத்திக் கொடியை அடியில ரெண்டு தளிர் விட்டு இன்னைக்கே வெட்டினேன். டொலமைட் கேட்டிருக்கேன். ஊவாக்காரி அக்கா, உங்க கருஞ்சிவப்பு விதை கொஞ்சம் தருவீங்களா? பதிலுக்கு இந்த ஸ்பென்சர் மிச்சப் பக்கெட் அனுப்புறேன்.

ஊவாக்காரி எழுதியது:

வெலிமடைச் சந்தைக்கு ஞாயிற்றுக்கிழமை வருவேன். தனிமடல்ல நம்பர் போடுங்க தம்பி. வெள்ளை இருந்தா அதையும் தனியா மடிச்சுக் கொண்டு வாங்க, சேர் சொன்ன ஊசி வேலையைப் பார்க்கணும்.